தவணையைப் பார்க்காதீர்கள், மொத்தத்தைப் பாருங்கள்

வீட்டுக் கடன் கேட்டு வங்கிக்குப் போகிற சம்பளக்காரர்கள் பெரும்பாலும் கேட்பது ஒரே கேள்விதான்: “மாசம் எவ்வளவு கட்டணும்?” அதிகாரியும் கணினியில் நாலு எண்களைத் தட்டிவிட்டு, “43,000 சொச்சம் வரும் சார். உங்க சம்பளத்துக்கு தாராளமா கட்டலாம். இன்னும் 10 லட்சம் கூடப் போடலாம், எலிஜிபிலிட்டி இருக்கு” என்கிறார். தவணை சம்பளத்துக்குள் அடங்கிவிட்டால் மனசு நிம்மதியாகிவிடுகிறது. கையெழுத்தும் விழுந்துவிடுகிறது.

அங்கே கேட்டிருக்க வேண்டிய கேள்விகள் இன்னும் இரண்டு உண்டு. கடைசிவரை நான் மொத்தமாக எவ்வளவு கட்டுவேன்? எந்த வயதில் கட்டி முடிப்பேன்? ஒரு சம்பளக்காரர் தன் வாழ்நாளில் போடுகிற மிகப் பெரிய ஒப்பந்தம் வீட்டுக் கடன். அதன் உண்மையான விலை இந்த இரண்டு பதில்களில்தான் இருக்கிறது.

65 லட்சம் வீட்டின் அசல் விலை

தாம்பரம் பக்கம் 65 லட்சம் ரூபாய்க்கு ஒரு பழைய வீட்டை வாங்குவதாக வைத்துக்கொள்வோம். ரிசர்வ் வங்கி விதிப்படி 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு, வீட்டு மதிப்பில் 80 சதவீதம் வரைதான் வங்கி தரலாம். நீங்கள் 50 லட்சம் கடன் வாங்கி, 15 லட்சம் கைக்காசு போடுகிறீர்கள். வட்டி 8.5 சதவீதம், கெடு 20 ஆண்டு.

மாதத் தவணை 43,391 ரூபாய். 240 மாதங்களுக்குப் பெருக்கினால் 1 கோடியே 4 லட்சத்து 14 ஆயிரம். அதாவது 50 லட்சம் அசலுக்கு 54 லட்சத்துக்கும் மேல் வட்டி. இதோடு கைக்காசு 15 லட்சத்தைச் சேருங்கள். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் சேர்ந்து 9 சதவீதம், அது 5.85 லட்சம். மொத்தம் 1 கோடியே 25 லட்சம் ரூபாய். 65 லட்சம் என்று நீங்கள் பேரம் பேசி முடித்த வீட்டின் விலை இதுதான்.

20 ஆண்டுக்குப் பிறகு ரூபாயின் மதிப்பு குறைந்திருக்குமே, சம்பளமும் ஏறியிருக்குமே என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. இன்றைய 43,000க்கு இருக்கிற கனம், 15 ஆண்டு கழித்துக் கட்டும் 43,000க்கு இருக்காது. நடுவில் வாடகையும் மிச்சமாகிறது. அதனால்தான் வீட்டுக் கடனே கூடாது என்று நான் சொல்லவில்லை. ஆனால் பாரம் முழுவதும் முதல் பத்து ஆண்டில்தான் அழுத்துகிறது. பிள்ளைகளின் படிப்பு, பெற்றோரின் மருத்துவம், வேலை மாற்றம் எல்லாம் வந்து சேர்வதும் அதே ஆண்டுகளில்தான்.

முதல் ஆண்டுச் சான்றிதழை எடுத்துப் பாருங்கள்

வருமான வரிக்காக வங்கி ஆண்டுதோறும் ஒரு வட்டிச் சான்றிதழ் தரும். பலர் அதை அலுவலகக் கணக்குப் பிரிவுக்கு அனுப்புவதோடு சரி, வாசிப்பதில்லை. மேலே சொன்ன கடனின் முதல் ஆண்டுச் சான்றிதழில் இப்படித்தான் இருக்கும்: கட்டியது 5,20,692 ரூபாய். வட்டிக்குப் போனது 4,21,183. அசலில் கழிந்தது 99,509.

ஐந்து லட்சத்துக்கு மேல் கட்டியும் அசல் ஒரு லட்சம்கூடக் குறையவில்லை. வங்கி ஏமாற்றிவிட்டது என்று இதற்கு அர்த்தமில்லை. ஒவ்வொரு மாதமும் நிலுவையில் நிற்கும் அசலுக்கு வட்டி போட்டு, தவணையில் அதை முதலில் எடுத்துக்கொண்டு, மிச்சத்தைத்தான் அசலில் கழிப்பார்கள். முதல் மாதம் வட்டி மட்டும் 35,417. அசலுக்குப் போவது 7,974. தவணையில் வட்டியைவிட அசலின் பங்கு அதிகமாவதற்குக் கிட்டத்தட்ட 12 ஆண்டு பிடிக்கும். பத்தாவது ஆண்டு முடிவில் 52 லட்சம் கட்டியிருப்பீர்கள். அப்போதும் 35 லட்சம் பாக்கி நிற்கும். ஐந்தாறு ஆண்டில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போகிறவர்கள் இதை மறக்கவே கூடாது. அதுவரை அவர்கள் கட்டியதில் பெரும்பகுதி வட்டிதான்.

கெடு நீள நீள

தவணை கனமாக இருக்கிறது என்று சொன்னால், “கெடுவைக் கூட்டிக்கலாம்” என்பது உடனே வருகிற யோசனை. அதற்கு நீங்கள் கொடுக்கிற விலையைப் பாருங்கள். 50 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி:

15 ஆண்டு: தவணை 49,237, மொத்த வட்டி 38.6 லட்சம்.
20 ஆண்டு: தவணை 43,391, மொத்த வட்டி 54.1 லட்சம்.
25 ஆண்டு: தவணை 40,261, மொத்த வட்டி 70.8 லட்சம்.
30 ஆண்டு: தவணை 38,446, மொத்த வட்டி 88.4 லட்சம்.

20 ஆண்டை 30 ஆக்கினால் மாதம் 4,945 ரூபாய் குறைகிறது; வட்டியோ 34 லட்சம் கூடுகிறது. 20 ஆண்டை 15 ஆக்கினால் மாதம் 5,846 ரூபாய் கூடுகிறது. வட்டி 15 லட்சத்துக்கு மேல் குறைகிறது. வட்டி விகிதத்தில் அரை சதவீதம் குறைக்க நாலு வங்கி ஏறி இறங்குகிறோம். அது வீண் அலைச்சல் இல்லை, 8.5 சதவீதம் 8 ஆனால் 20 ஆண்டில் 3.77 லட்சம் மிச்சம். ஆனால் கெடுவைத் தேர்ந்தெடுக்கும்போது அதைவிடப் பல மடங்கு பணத்தை ஒரு நிமிடத்தில் முடிவு செய்துவிடுகிறோம்.

மாறும் வட்டி: 2022இல் நடந்தது என்ன?

இன்று வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் இத்தகைய புதிய கடன்கள் ரெப்போ விகிதம் (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி தரும் கடனின் வட்டி) போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு பிணைக்கப்பட்டிருக்கின்றன. 2020 மே முதல் 4 சதவீதத்தில் இருந்த ரெப்போ, 2022 மே தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீத ஏற்றம்.

2021இல் 6.75 சதவீதத்துக்கு 50 லட்சம் வாங்கியவரை எடுத்துக்கொள்ளுங்கள். அவர் தவணை 38,018. ஒன்றரை ஆண்டு கட்டிய பிறகு பாக்கி 48 லட்சத்துக்கு மேல். வட்டி 9.25 ஆனதும் மாத வட்டி மட்டுமே 37,000ஐத் தாண்டுகிறது. அதே தவணையைத் தொடர்ந்தால் கடன் முடிய இன்னும் 40 ஆண்டு ஆகும். அதனால்தான் பலருக்குக் கெடுவும் நீண்டது, தவணையும் ஏறியது. கெடு நீண்டதே தெரியாமல் கட்டிக்கொண்டிருந்தவர்களும் உண்டு.

இதைச் சரிசெய்ய 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. இதுவரை கழிந்த அசல், வட்டி, மீதமுள்ள தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையைக் காலாண்டுதோறும் தர வேண்டும். உங்களுக்கு அது வருகிறதா? இல்லையென்றால் எழுத்தில் கேளுங்கள்.

வட்டி இறங்கும்போதும் கவனம் வேண்டும். 2025இல் ரெப்போ 6.5இலிருந்து 5.25 சதவீதத்துக்கு இறங்கியது. உங்கள் கடனில் அந்த இறக்கம் தெரிகிறதா என்று பாருங்கள். வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் பல, தங்கள் சொந்த அளவுகோலின்படி வட்டி போடுகின்றன. ரெப்போ இறங்கியதும் அங்கே தானாக இறங்கிவிடாது. புது வாடிக்கையாளருக்கு என்ன வட்டி தருகிறார்கள் என்று விசாரியுங்கள். உங்களுடையது அதிகமாக இருந்தால், சிறு கட்டணம் வாங்கிக்கொண்டு மாற்றித்தரும் வழி பெரும்பாலும் இருக்கும்.

வங்கி சொல்லாத செலவுகள்

கடன் தொகையில் பத்திரச் செலவு அடங்காது. அது உங்கள் கைக்காசு. பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரங்களை வங்கியிடம் ஒப்படைத்ததைப் பதிவுசெய்யும் எம்.ஓ.டி. செலவு, தரகு எல்லாம் இதோடு சேரும். தரகு ஒரு சதவீதம் என்றாலே 65,000.

கட்டி முடியாத அடுக்குமாடி வீடு என்றால் ஜி.எஸ்.டி. 5 சதவீதம், 45 லட்சத்துக்குள் அமைந்த, பரப்பளவு வரம்புக்கு உட்பட்ட வீட்டுக்கு 1 சதவீதம். நிறைவுச் சான்றிதழ் கிடைத்த பிறகு வாங்கும் வீட்டுக்கு ஜி.எஸ்.டி. இல்லை. கட்டி முடியும்வரை வங்கி விடுவித்த பணத்துக்கு வட்டி மட்டும் கட்டும் முறையும் உண்டு. அந்தக் காலம் முழுக்க அசலில் ஒரு ரூபாய்கூடக் குறையாது. கட்டுமானம் இரண்டு ஆண்டு தாமதமானால் அந்த இரண்டு ஆண்டும் வட்டியும் வாடகையும் சேர்த்துக் கட்ட வேண்டியிருக்கும்.

கடனோடு சேர்த்துத் தலையில் கட்டப்படும் காப்பீட்டைக் குறிப்பாகக் கவனியுங்கள். “சார், இது இருந்தாதான் சாங்ஷன் ஆகும்” என்பார்கள். அந்தக் காப்பீட்டை அவர்களிடமே எடுக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. ஒன்றரை லட்சம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால், 20 ஆண்டில் அதற்காக நீங்கள் கட்டுவது 3.12 லட்சம். குடும்பத்துக்குப் பாதுகாப்பு கட்டாயம் வேண்டும். அதைத் தனி டேர்ம் பாலிசியாக நீங்களே எடுங்கள். வங்கி மாறினாலும், கடன் முடிந்தாலும் அது உங்களோடு இருக்கும்.

குடிபோன பிறகு வருகிற செலவுகள் வேறு. அரையாண்டுக்கு ஒருமுறை சொத்து வரி, மாதாமாதம் பராமரிப்பு, சில ஆண்டுக்கு ஒருமுறை பெயின்ட், மோட்டார், குழாய் வேலை. வாடகைக்கு இருந்தபோது வீட்டுக்காரர் பார்த்துக்கொண்டதெல்லாம் இனி உங்கள் கணக்கு.

வரிச் சலுகைக்காகக் கடன் வேண்டாம்

அலுவலகத்தில் அடிக்கடி காதில் விழும் வாசகம்: “ஹோம் லோன் போடுங்க, டாக்ஸ் மிச்சமாகும்.” பழைய வரி முறையில், நீங்கள் குடியிருக்கும் வீட்டின் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் கழிவு. நம் கணக்கில் முதல் ஆண்டு வட்டி 4.21 லட்சம், பாதிக்கு மேல் கழிவில் வராது. 30 சதவீத வரி கட்டுபவருக்கு இதனால் மிச்சமாவது, செஸ் உட்பட, 62,400 ரூபாய். அசலுக்கு உண்டான கழிவும் பி.எஃப்., ஆயுள் காப்பீடு முதலியவற்றோடு சேர்ந்து ஒன்றரை லட்சம் என்ற ஒரே வரம்புக்குள்தான், பி.எஃப். ஒன்றே அதில் பெரும்பகுதியை நிரப்பிவிடும்.

2023-24 முதல் புதிய வரி முறைதான் இயல்பான முறை. குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு அதில் கழிவே இல்லை. இரண்டு முறைகளிலும் வரியைப் போட்டுப் பார்த்துவிட்டுத் தேர்ந்தெடுங்கள். ஒரு ரூபாய் வட்டி கட்டி 31 காசு வரி மிச்சம் பிடிப்பது லாபம் ஆகாது. கடன் வாங்கியாகிவிட்டது என்றால் சலுகையை எடுத்துக்கொள்ளுங்கள். சலுகைக்காகக் கடனை வளர்க்காதீர்கள்.

வேலையையும் சேர்த்துக் கணக்கிடுங்கள்

கடனின் விலையை ரூபாயில் மட்டும் அளந்தால் போதாது. பெரிய தவணை உங்கள் தொழில் முடிவுகளையும் கட்டிப்போடும். வேறு ஊரில் நல்ல வாய்ப்பு வந்தால் யோசிக்க வைக்கும். மேலாளரோடு ஒத்துப்போகாத இடத்தில் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார வைக்கும். மேல்படிப்பு, சொந்தத் தொழில் என்ற எண்ணமெல்லாம் தள்ளிப்போகும்.

ஆகவே கையில் வரும் சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்கைத் தவணை தாண்ட வேண்டாம். ஆண்டு ஊக்கத்தொகை, ஓவர்டைம், ஷிஃப்ட் படி போன்றவற்றை இந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள். கணவனும் மனைவியும் சேர்ந்து கடன் வாங்கினால், ஒருவர் சம்பளத்திலேயே ஓராண்டு தவணை கட்டிக் குடும்பமும் நடத்த முடியுமா என்று பாருங்கள். மகப்பேறு விடுப்பு, ஆட்குறைப்பு, பெற்றோரைக் கவனிக்க வேலையை விடுவது எல்லாம் நடக்கக்கூடியவைதான். தவணை உட்பட ஆறு மாதச் செலவுக்கான பணம் கைவசம் இல்லாமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

கடன் முடியும் வயதைத் தாளில் எழுதுங்கள். 38 வயதில் 25 ஆண்டுக் கடன் என்றால் 63. தனியார் துறையில் ஐம்பதைத் தாண்டியும் இதே சம்பளம் வரும் என்று யாரும் உறுதி தர முடியாது. 55க்குள் முடியும்படி திட்டமிடுவதுதான் பாதுகாப்பு.

விலையைக் குறைக்கும் வழிகள்

தனிநபர் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கி அபராதம் வசூலிக்கக் கூடாது. 2012இலிருந்தே ரிசர்வ் வங்கி விதி இது. இந்த உரிமையைப் பயன்படுத்துங்கள்.

1. ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். தீபாவளி போனஸ் அதற்குப் போதும். 20 ஆண்டுக் கடன் ஏறத்தாழ 16 ஆண்டு 9 மாதத்தில் முடியும். 10 லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சம்.

2. இன்கிரிமென்ட் வரும்போதெல்லாம் தவணையை 5 சதவீதம் ஏற்றுங்கள். கடன் சுமார் 12 ஆண்டு 3 மாதத்தில் முடிந்துவிடும். மிச்சமாகும் வட்டி ஏறத்தாழ 19 லட்சம்.

3. கட்டுவதைச் சீக்கிரம் கட்டுங்கள். முதல் ஆண்டு முடிவில் 5 லட்சம் கட்டினால் நாலு ஆண்டுத் தவணைகள் கழிந்து 16 லட்சம் மிச்சமாகும். அதே 5 லட்சத்தைப் பன்னிரண்டாம் ஆண்டு முடிவில் கட்டினால் கிடைப்பது 4 லட்சம் சொச்சம்தான்.

4. முன்கூட்டிக் கட்டும்போது “தவணையைக் குறைக்க வேண்டாம், கெடுவைக் குறையுங்கள்” என்று எழுதிக் கொடுங்கள்.

5. வட்டி இறங்கினால் தவணையை அப்படியே விட்டுவிடுங்கள். 8.5 சதவீதம் 7.5 ஆகி, தவணை 43,391ஆகவே தொடர்ந்தால், 20 ஆண்டு 17 ஆண்டாகச் சுருங்கும்.

எதை முதலில் அடைப்பது என்பதிலும் ஒழுங்கு வேண்டும். கிரெடிட் கார்டு பாக்கி, தனிநபர் கடன், நகைக் கடன் இருந்தால் வட்டி அதிகமுள்ளதை முதலில் முடியுங்கள். பி.எஃப். பணத்தை எடுத்து வீட்டுக் கடனை அடைக்க அவசரப்பட வேண்டாம். 2024-25க்கு பி.எஃப். வட்டி 8.25 சதவீதம், பெரும்பாலானோருக்கு அதற்கு வரியும் இல்லை. கடன் வட்டி அதே அளவில் இருக்கும்போது ஓய்வுக்காலப் பணத்தைக் கரைப்பதில் பெரிய ஆதாயம் இல்லை.

கையெழுத்துக்கு முன், கடன் முடிந்த பின்

2024 அக்டோபர் முதல் அனுமதிக்கப்படும் ஒவ்வொரு சில்லறைக் கடனுக்கும் முக்கிய விவரங்கள் அடங்கிய ஓர் அறிக்கையை வங்கி தந்தாக வேண்டும். கே.எஃப்.எஸ். என்று கேட்டால் தருவார்கள். வட்டியோடு மற்றக் கட்டணங்களும் சேர்ந்த ஆண்டுச் செலவு விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பரத்தில் போடும் வட்டி உதவாது. இந்த விகிதத்தை வைத்து ஒப்பிடுங்கள். தவணை அட்டவணையையும் முழுதாகக் கேட்டு வாங்கி, கடைசி வரியில் உள்ள மொத்த வட்டியைக் குடும்பத்தோடு உட்கார்ந்து படியுங்கள்.

கடன் முடிந்ததும் வேலை முடிந்துவிடாது. முழுப் பணமும் கட்டிய 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். தாமதம் வங்கியின் தவறால் நேர்ந்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. அடமானம் தீர்ந்ததற்கான ரசீதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவுசெய்து, புது வில்லங்கச் சான்று எடுத்து, பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். இதை விட்டுவிட்டால் பிள்ளைகள் வீட்டை விற்கப் போகும்போது சிக்கல் வரும்.

சொந்த வீடு நல்ல ஆசை. அதற்காகக் கடன் வாங்குவதும் தவறில்லை. வீட்டுக்காரரிடம் ஒரு லட்சம் குறைக்க மணிக்கணக்கில் பேரம் பேசுகிறோம். அந்தப் பொறுமையில் பாதியைக் கடன் தாளில் காட்டினால் 10 லட்சம், 20 லட்சம் என்று மிச்சமாகும். ஏற்கெனவே கடன் ஓடிக்கொண்டிருந்தால் இந்த வாரமே உங்கள் கடன் அறிக்கையை எடுங்கள். அசல் பாக்கி எவ்வளவு, வட்டி எத்தனை சதவீதம், இன்னும் எத்தனை தவணை என்ற மூன்று எண்களையும் குறித்துக்கொள்ளுங்கள். அடுத்த இன்கிரிமென்ட் கடிதம் வந்ததும், வேறு எந்தச் செலவுக்கும் முன்னால் தவணையை உயர்த்தச் சொல்லி வங்கிக்கு எழுதுங்கள்.